ஆழ்வார்க்கடியானின் தடியும் சுசீலாவின் டி-ஷர்ட்டும்

ஜேம்ஸ்பாண்டைக் கேள்விப்படுவதற்கு முன்பே தமிழ் வார இதழ் வாசகர்களுக்கு ஓர் உளவாளியைத் தெரியும். முன்குடுமி, உடம்பெல்லாம் சந்தனம், கையில் தடி, வாயைத் திறந்தால் வம்பு. கல்கி 1950இல் பொன்னியின் செல்வனைத் தொடங்கியபோது ஆழ்வார்க்கடியான் நம்பி வந்து நின்ற இடம் வீரநாராயணபுரம், இன்றைய காட்டுமன்னார்கோவில். வந்தியத்தேவன் ஆடிப்பெருக்கன்று குதிரையில் வருகிற வீராணம் ஏரிக்கரையும், நள்ளிரவில் சதியாலோசனை நடக்கிற கடம்பூரும் அதே வட்டாரம்தான். சிதம்பரத்தில் பேருந்து ஏறினால் காலையில் போய்விட்டு மதியச் சாப்பாட்டுக்குத் திரும்பிவிடலாம்.

கடலூர் மாவட்டத்துக்காரர்கள் இதை ஊர்ப் பெருமையாகச் சொல்வதுண்டு. நான் இதை வேறு காரணத்துக்காக எடுத்துக்கொள்கிறேன். உளவு, சிரிப்பு, அழகிய பெண்ணின் படம் ஆகிய மூன்றையும் வார இதழ் ஒன்றில் சேர்த்துக் கட்டியவர்களில் கல்கியும் ஓவியர் மணியமும் முன்னோடிகள். ஆழ்வார்க்கடியானைப் பார்த்து வாசகர் சிரிக்கிறார். ஆனால் அவன் முதன்மந்திரி அநிருத்தரின் ஆள், கதையில் பலரை விடப் புத்திசாலி. கதையின் அழகி நந்தினியைப் பார்த்து வாசகர் மயங்குகிறார். ஆனால் அவள்தான் எதிர்ப்பக்கத்து உளவு வலையையே பின்னுகிறவள். மணியம் வரைந்த நந்தினியின் சாய்ந்த கொண்டையும் பாதி மூடிய கண்ணும் அலங்காரமாக நின்றுவிடவில்லை. அந்தப் படத்தைப் பார்த்த பிறகுதான் அவள் கணவர் பழுவேட்டரையர் ஏன் தடுமாறினார் என்பது நமக்கு விளங்குகிறது. படம் கதைக்கு வேலை செய்தது, கதை படத்துக்குக் காரணம் தந்தது. அடுத்த நாற்பது ஆண்டுகளில் இந்த மூன்றும் தமிழ் இதழ்களில் எப்படியெல்லாம் பிரிந்தன, மறுபடி சேர்ந்தபோது எது கெட்டது என்பதைப் பார்க்க வேண்டும் என்று எனக்கு வெகுநாளாக ஆசை.

மேல்நாட்டில் இந்த மரபுக்குத் தனி வீடு இருந்தது. அமெரிக்காவில் எஸ்கொயர் இதழ் 1940 முதல் ஆல்பர்ட்டோ வார்காஸ் வரைந்த பெண்களை அச்சிட்டது. போர்முனைக்குப் போன சிப்பாய்கள் அந்தப் பக்கத்தைக் கிழித்துச் சுவரில் குத்திக்கொண்டார்கள். 1953இல் பிளேபாய் வந்தது. இயான் ஃபிளெமிங்கின் பாண்ட் கதைகள் அதே இதழில் 1960 முதல் இடம்பெற்றன. உளவாளியும் உடுப்பு குறைந்த அழகியும் ஒரே அட்டைக்குள் குடிவந்தது அப்படித்தான். ஆண் வாங்குவான், ஆண் படிப்பான், ஆண் மறைத்து வைப்பான் என்று தெரிந்தே நடந்த வியாபாரம் அது.

தமிழில் ஆண்களுக்கென்று அப்படியோர் இதழ் வேரூன்றவில்லை. மறைத்து விற்கப்பட்ட மலிவுப் புத்தகங்கள் உண்டு. சரோஜாதேவி என்பது அவற்றுக்கே பொதுப் பெயரானது. ஓவியத்துக்கோ பகடிக்கோ அங்கே பெரிய இடமில்லை என்பதால் அவற்றை இங்கே விட்டுவிடுகிறேன். நம்மிடம் இருந்தது குடும்ப இதழ். எஸ்.ஏ.பி. 1947இல் தொடங்கிய குமுதம் அதன் உச்ச உதாரணம். கூடத்தில் கிடக்கும் அதே பிரதியைப் பாட்டியும் படிப்பார், கல்லூரிக்குப் போகும் பேத்தியும் படிப்பாள், கணக்குப்பிள்ளை வேலையிலிருந்து திரும்பிய அப்பாவும் படிப்பார். கடலூர் ஓ.டி.யிலும் மஞ்சக்குப்பத்திலும் சலூன் பெஞ்சுக்கு வந்து சேரும் பழைய பிரதியும், சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழக விடுதி அறைகளில் கைமாறும் பிரதியும், மெயின் லைன் பாசஞ்சரில் யாரோ விட்டுவிட்டு இறங்கிய பிரதியும் அந்தக் குடும்பப் பிரதியேதான். ஆணுக்கான இதழ் என்பது நம் ஊரில் அச்சில் இல்லை. வாசிக்கும் இடத்தில் இருந்தது. சலூன் நாற்காலியில் உட்கார்ந்தவுடன் குடும்ப இதழ் ஆண்கள் இதழாகிவிடும்.

இது ஒரு பெரிய கட்டுப்பாடு. அந்தக் கட்டுப்பாடுதான் இங்கே நல்ல ஓவியத்தை உண்டாக்கியது என்று நான் உறுதியாக நினைக்கிறேன். காரணமில்லாமல் ஓர் அழகியை நடுப்பக்கத்தில் நிறுத்த ஆசிரியரால் முடியாது. அவள் ஒரு கதையில் இருந்தாக வேண்டும். வாசலில் நிற்பதற்கும், தொலைபேசியை எடுப்பதற்கும், அழுவதற்கும், துப்பாக்கியைப் பிடிப்பதற்கும் அவளுக்கு ஒரு காரணம் வேண்டும்.

ஓவியர் ஜெயராஜ் வளர்ந்தது இந்த நிலத்தில். சுஜாதாவின் வழக்கறிஞர் கணேஷ் 1968இல் குமுதத்தில் நைலான் கயிறு தொடரில் வந்தான். அவனுடைய உதவியாளன் வசந்த் பிறகு சேர்ந்தான். அந்த இருவரையும் நாம் இன்று கண்ணை மூடிக்கொண்டால் எந்த முகத்தில் பார்க்கிறோமோ அது ஜெயராஜ் தந்த முகம். அவர்களுடைய அலுவலகத்துக்குள் நுழைந்த பெண்களும் அப்படித்தான். கதையின் முதல் பத்தியைப் படிக்கும் முன்பே அவளுக்கு என்ன வயது, என்ன வசதி, பயந்திருக்கிறாளா, பொய் சொல்லப் போகிறாளா என்று படம் சொல்லிவிடும்.

படம் இப்படிப் பேசியதற்கு அச்சுத் தொழிலிலும் ஒரு காரணம் உண்டு. எழுத்துக் கோத்து அடித்த காலத்தில் படம் என்றால் துத்தநாக பிளாக். நியூஸ் பிரிண்ட் தாளில் புகைப்படப் புள்ளிகள் மை உறிஞ்சிக் கலங்கிப் போகும். கோட்டோவியம் மட்டும் பளிச்சென்று விழும். ஆகவே சாம்பல் நிறத்தின் உதவி இல்லாமல், கறுப்பும் வெள்ளையும் மட்டும் வைத்துக்கொண்டு ஓவியர் உடம்பைச் சொல்ல வேண்டியிருந்தது. ஜெயராஜின் கூந்தல் ஒரே கறுப்பு வீச்சு. கன்னத்துக்கு ஒரு கோடு, அதுவும் பாதியில் நின்றுவிடும். புடவைக்கும் தோலுக்கும் இடையே எல்லைக்கோடு சில இடங்களில் போடாமலே விட்டிருப்பார், பார்ப்பவர் கண் அதைப் போட்டுக்கொள்ளும். தாள் மட்டமாக இருந்ததால்தான் கோடு இவ்வளவு கூர்மை பெற்றது. கோட்டைச் சிக்கனமாகப் பயன்படுத்திய அந்தத் துணிவைத் தமிழ்க் கலை விமரிசனம் இன்னும் சரியாக எடை போடவில்லை.

அவரைக் கவர்ச்சி ஓவியர் என்று முத்திரை குத்திவிட்டுப் போகிறவர்கள் அப்புசாமியை மறந்துவிடுகிறார்கள். பாக்கியம் ராமசாமி எழுதிய அப்புசாமிக்கும் சீதாப்பாட்டிக்கும் உருவம் கொடுத்தவரும் ஜெயராஜ்தான். மூக்குப்பொடிக் கிழவர், ஆங்கிலம் பேசும் மனைவியிடம் தினமும் தோற்கிறவர், கூட்டாளிகள் ரசகுண்டுவையும் பீமாராவையும் கூட்டிக்கொண்டு வீரச் செயலுக்குக் கிளம்பி அவமானத்தோடு திரும்புகிறவர். அப்புசாமியும் ஆப்பிரிக்க அழகியும் என்று ஒரு தொடருக்குத் தலைப்பே உண்டு. பாண்ட் படங்களும் ஜெய்சங்கர் படங்களும் கொடுத்த கனவு என்ன? ஆண் போகுமிடமெல்லாம் ஓர் அழகி காத்திருப்பாள் என்பது. அப்புசாமிக்குள் அந்தக் கனவைப் போட்டுப் பாருங்கள், அது என்ன பாடுபடுகிறது என்று தெரியும். அழகியைக் கண்டு வாயைப் பிளக்கும் ஆணைத்தான் இங்கே வரைந்து காட்டினார்கள். சிரிப்பு அவன் பக்கம் திரும்பியது. வழவழப்பான அழகியைத் தீட்டிய அதே கை பல்லில்லாத ஆசையையும் தீட்டியது என்பதால் இரண்டும் ஒரே உலகத்தைச் சேர்ந்தவை என்று வாசகருக்குப் புரிந்தது.

இந்த மரபுக்கு இன்னொரு முன்னோடி தேவனின் துப்பறியும் சாம்பு. 1940களில் ஆனந்த விகடனில் வந்தவர்; பிறகு கோபுலு அவரைச் சித்திரத் தொடராகவே வரைந்தார். துப்பறிவாளன் என்றால் மேதை என்ற நம்பிக்கையைச் சாம்பு தலைகீழாக்கினார். அவர் தடுக்கி விழுந்த இடத்தில் திருடன் அகப்படுவான், இன்ஸ்பெக்டர் கோபாலன் பாராட்டுவார், சாம்பு ஒன்றும் விளங்காமல் விழிப்பார். ஷெர்லக் ஹோம்ஸ் வகைக் கதைகளுக்குத் தமிழ் தந்த முழுமையான பகடி இதுவே. ஆனால் சாம்புவின் உலகத்தில் கவர்ச்சிக்கு வேலையில்லை. மனைவி வேம்பு வீட்டில் காப்பி போடுவாள், அவ்வளவுதான். பகடி நன்றாக இருந்த இடத்தில் கவர்ச்சி இல்லை, கவர்ச்சி நன்றாக இருந்த இடத்தில் பகடி குறைவு. கல்கி ஒன்றாக முடிந்து வைத்திருந்ததில் ஓர் இழை சாம்புவிடம், ஓர் இழை ஜெயராஜிடம். அப்புசாமியில்தான் அவை சற்றே தொட்டுக்கொண்டன.

அழகான உடம்பை வரைவதே தவறா என்ற கேள்வியை இங்கேயே தீர்த்துக்கொள்வது நல்லது. சிதம்பரத்தில் இருந்துகொண்டு அதற்கு ஆம் என்று சொல்ல முடியாது. நடராசர் கோயிலின் கோபுர வாயில்களில் 108 கரணங்கள் செதுக்கப்பட்டிருக்கின்றன. கிழக்கு, மேற்கு வாயில்களில் நாட்டிய சாத்திரத்தின் சுலோகங்களும் சிற்பங்களோடு வெட்டப்பட்டுள்ளன. ஆடுகிறவள் பெண். இடை வளைகிறது, மார்பு நிமிர்கிறது, ஒரு கால் நெற்றி வரை உயர்கிறது. துணி மிகக் குறைவு. ஆனாலும் அந்தப் பலகைகளின் கீழே நிற்கிற எவருக்கும் அவள் நமக்காக நிற்கிறாள் என்று தோன்றுவதில்லை. ஒவ்வொரு பலகையும் ஒரு செயல். தலபுஷ்பபுடம் என்றால் கை மலரை ஏந்துகிறது, லலாடதிலகம் என்றால் கால் நெற்றிக்குப் போகிறது. முந்தைய கணத்தில் உடம்பு எங்கே இருந்தது, அடுத்த கணத்தில் எங்கே போகும் என்று கல் சொல்கிறது. பத்மா சுப்ரமணியம் கரணங்களை ஆராய்ந்து அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் முனைவர் பட்டம் பெற்றார். உறைந்த நிலைகளாகக் கருதப்பட்டவற்றை அவர் அசைவுகளாக மீண்டும் ஆடிக் காட்டினார்.

கவர்ச்சிப் படத்தை எடை போட எனக்கு வேறு தராசு தேவைப்படவில்லை. துணியின் அளவைப் பார்த்துப் படத்தைத் தீர்மானிக்கிறவர்கள் கோயில் வாயிலைத் தாண்டிப் போக முடியாது. பார்க்க வேண்டியது, படத்திலிருக்கும் பெண் ஏதாவது செய்கிறாளா என்பதை. மணியத்தின் நந்தினி செய்கிறாள். ஜெயராஜின் நல்ல படங்களில் வரும் பெண் செய்கிறாள், குறைந்தபட்சம் ஒரு பொய்யையாவது மறைக்கிறாள். மட்டமான படத்தில் அவள் பார்க்கப்படுவதைத் தவிர வேறொன்றும் செய்வதில்லை.

மட்டமான படங்களும் ஏராளம். ஜெயராஜிடமே ஒரு பழக்கம் படிந்தது. நர்ஸ், விதவை, டைப்பிஸ்ட், நடனக்காரி, கொலையுண்டு கிடப்பவள், எல்லோருக்கும் ஒரே இடுப்பு. வாரம் எத்தனையோ கதைகளுக்கு வரைய வேண்டிய நெருக்கடியில் கை தானாக ஓடியிருக்கும். அது எனக்குப் புரிகிறது. ஆனால் விளைவு கடுமையானது. சிவசங்கரியும் வாஸந்தியும் இந்துமதியும் அந்தக் காலத்து வார இதழ்களில் எழுதிய பெண்கள் அலுவலகத்திலும் திருமணத்திலும் பிழிபட்டவர்கள். அப்படியொரு கதையின் தலைமாட்டில் மெழுகு பொம்மை போன்ற ஒரு பெண்ணை வைத்துவிட்டால் எழுத்தின் வலி பாதி போய்விடுகிறது. சலூன் பெஞ்சில் பக்கம் புரட்டுகிறவர் படத்தோடு நின்றுவிடுவார், எழுத்துக்குள் போக மாட்டார். உடன் எழுதியவர்களுக்கு அந்த ஓவியம் செய்த அநியாயம் இது. இதற்குக் காரணம் ஓவியர் மட்டுமல்ல. படம்தான் விற்கும் என்று கணக்குப் போட்ட ஆசிரியர் குழுவுக்கும் பங்குண்டு.

இனி பகடியிடம் வருகிறேன். 1980களில் மாத நாவல்கள் பெருகின. பேருந்து நிலையக் கடைகளில் கயிற்றில் தொங்கிய சின்னப் புத்தகங்கள். கடலூரில் ஏறி சிதம்பரத்தில் இறங்குவதற்குள் ஒன்றைப் படித்துத் தீர்த்துவிடலாம். புதுச்சத்திரம் தாண்டும்போது கொலை, பி.முட்லூரில் திருப்பம். ராஜேஷ்குமாரின் விவேக்–ரூபலா, சுபாவின் நரேன்–வைஜெயந்தி, பட்டுக்கோட்டை பிரபாகரின் பரத்–சுசீலா என்று துப்பறியும் இணைகள் வரிசையாக வந்தன. இவர்களில் பாண்ட் கதைகளின் துள்ளலை அதிகம் எடுத்துக்கொண்டவர்கள் பரத்தும் சுசீலாவும். அவர்களுடைய மூன்லைட் ஏஜென்சிக்குள் வழக்கை விட வாய்ச்சண்டைக்குத்தான் முதலிடம். அதில் சுசீலாவின் டி-ஷர்ட் ஒரு தனிப் பாத்திரம். ஒவ்வொரு முறையும் அதில் ஒரு புதிய வாசகம். வாசகர்கள் கொலைகாரன் யார் என்பதற்குக் காத்திருந்த மாதிரியே அந்த வாசகத்துக்கும் காத்திருந்தார்கள்.

இந்த உத்தியின் கெட்டிக்காரத்தனத்தை முதலில் ஒத்துக்கொள்ள வேண்டும். படமே இல்லாமல், வெறும் எழுத்தால் ஒரு கவர்ச்சிப் படத்தை வரைந்துவிட்டார் பிரபாகர். சுசீலா சேலைத் தலைப்பைச் சுருட்டிக்கொண்டு அழுகிற நாயகி அல்ல. பரத்தின் வாயை அடைக்கிற பதில் அவளிடம் எப்போதும் இருக்கும். நெல்லிக்குப்பத்திலோ பரங்கிப்பேட்டையிலோ இருந்த ஒரு கல்லூரிப் பெண்ணுக்கு, ஆணோடு சமமாக வாதாடி, சம்பளம் வாங்கி, நினைத்த உடையை உடுத்துகிற ஒருத்தியைப் படிப்பது பெரிய விஷயமாக இருந்திருக்கும். அந்த விடுதலையை நான் குறைத்துப் பேச மாட்டேன்.

ஆனால் வாசகம் எழுதப்பட்ட இடத்தைப் பாருங்கள். அதைப் படிக்கிற சாக்கில் பரத் பார்க்கிறான், பரத்தின் சாக்கில் வாசகர் பார்க்கிறார், நகைச்சுவை என்ற சாக்கில் எல்லோரும் தப்பித்துக்கொள்கிறார்கள். கேள்வி கேட்டால் வேடிக்கைக்காகத்தானே என்பார்கள். சுஜாதாவின் வசந்திடமும் இதே சாக்கு உண்டு. அவன் சொல்லத் தொடங்கும் மெக்ஸிகோ சலவைக்காரி ஜோக்கை முடிக்காமலே விட்டது சுஜாதாவின் நுட்பம். சொல்லாமலே வாசகரின் முகத்தைச் சிவக்க வைத்தார். ஆனாலும் ஒரு பெண் வாடிக்கையாளர் துயரத்தோடு உள்ளே வரும்போது அவளை முதலில் அளவெடுக்கிற வசந்தின் கண்ணைப் பார்த்து நாம் சிரிக்கிறோம் என்றால், அந்தச் சிரிப்பு அனுமதிச் சீட்டாகிவிடுகிறது. கணேஷ் அவனை அதட்டுவது உண்டு. அதட்டல் முடிந்ததும் அளவெடுப்பு தொடரும்.

பகடி எதைத் தொடாமல் விடுகிறதோ அதுதான் அங்கே விற்பனைப் பொருள் என்று கொள்ளலாம். இதற்கு உலகறிந்த சான்று ஒன்றிருக்கிறது. ஹார்வி குர்ட்ஸ்மன் 1952இல் மேட் என்ற பகடி இதழைத் தொடங்கியவர். அமெரிக்கா புனிதமாகக் கருதிய எதையும் விட்டுவைக்காதவர். அவரும் ஓவியர் வில் எல்டரும் 1962 முதல் 1988 வரை பிளேபாயில் லிட்டில் ஆனி ஃபேனி என்ற படக்கதையைச் செய்தார்கள். ஒவ்வொரு கட்டமும் தனி வண்ண ஓவியம் மாதிரி. உழைப்பைப் பார்த்தால் மலைப்பாக இருக்கும். அரசியல்வாதிகள், விளம்பரக்காரர்கள், உளவாளிகள், திரைப்படங்கள் எல்லாவற்றையும் கிண்டல் செய்தார்கள். ஆனால் ஒவ்வொரு கதையிலும் ஆனியின் உடை கழன்றாக வேண்டும். அதைப் பார்க்கிற கண்ணைக் கிண்டல் செய்ய முடியாது. ஏனென்றால் அந்தக் கண்ணுக்காகத்தான் இதழே நடந்தது. மேட் இதழில் பத்துக் கோடுகளில் குர்ட்ஸ்மன் சாதித்ததை இங்கே இருபத்தாறு ஆண்டுகளில் சாதிக்கவில்லை என்பது என் கணிப்பு.

நம்முடைய விக்ரம் படத்திலும் அதே சிக்கல். 1986இல் சுஜாதாவும் கமல்ஹாசனும் சேர்ந்து செய்த உளவுக் கதை. குமுதத்தில் தொடராகவும் வந்தது. கடத்தப்பட்ட அக்னிபுத்ரா ஏவுகணை, சலாமியா என்ற கற்பனை நாடு, அதற்கென்று ஒரு மொழி, அதை மொழிபெயர்க்கும் ஜனகராஜ் என்று எல்லாம் பகடிக்கான கச்சாப் பொருள். சலாமியாவைப் பார்த்துச் சிரிக்கலாம், அரசரைப் பார்த்துச் சிரிக்கலாம். விக்ரமைப் பார்த்துச் சிரிக்க முடியாது. கணினி தெரிந்த ப்ரீதியும் சலாமியா இளவரசியும் அவனைச் சுற்றியே வருகிறார்கள். பகடி நாயகனின் வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு வெளியிலேயே நின்றுவிட்டது.

இதற்கு நேர்மாறான ஒன்று சித்திரக்கதைக் கடையிலிருந்து வந்தது. அதைத்தான் இந்தக் கட்டுரையில் அதிக அன்போடு சொல்ல விரும்புகிறேன். 1984இல் இரண்டு தமிழ்க் காமிக்ஸ் இதழ்கள் பிறந்தன. தினத்தந்தி குழுமத்தின் ராணி காமிக்ஸ் ஜேம்ஸ்பாண்டோடு தொடங்கியது. முதல் இதழின் பெயரே அழகியைத் தேடி. சிவகாசியிலிருந்து வந்த லயன் காமிக்ஸின் முதல் இதழ் கத்தி முனையில் மாடஸ்டி. இரண்டும் லண்டன் நாளிதழ்களில் வந்த பட்டைக் கதைகளின் தமிழ் வடிவங்கள். பாண்ட் 1958 முதல் டெய்லி எக்ஸ்பிரஸில் வந்தவர். மாடஸ்டி பிளைசி, பீட்டர் ஓ'டொனல் எழுத ஜிம் ஹோல்டவே வரைய, 1963 முதல் ஈவ்னிங் ஸ்டாண்டர்டில் வந்தவள்.

பள்ளிக்கூடப் பையன் ஒருவன் கையில் இந்த இரண்டும் ஒரே மாதம் கிடைத்தன என்று வைத்துக்கொள்வோம். ஒன்றில் அழகி தேடப்படுகிறாள். மற்றதில் அழகிதான் தேடிப் போகிறவள். துணைக்கு வரும் வில்லி கார்வின் அவளை இளவரசி என்று அழைத்து அவள் சொன்னபடி நடக்கிறான். அவர்களுக்குள் காதல் இல்லை, முழு நம்பிக்கை மட்டும் உண்டு. ஹோல்டவேயின் கோட்டில் மாடஸ்டி எந்த அழகிக்கும் குறைந்தவளல்ல. ஆனால் அவள் உடம்பு எப்போதும் ஏதோ ஒன்றின் நடுவில் இருக்கிறது: சுவர் ஏறுகிறது, அடியைத் தடுக்கிறது, மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்கிறது. கோபுர வாயிலில் கண்ட இலக்கணம் இங்கேயும் இருக்கிறது. அவளிடம் ஓர் உத்தியும் உண்டு. எதிரிகள் நிறைந்த அறைக்குள் திடீரென்று இடுப்புக்கு மேல் ஆடையின்றி நுழைவாள்; ஆண்கள் திகைத்து நிற்கும் அந்த ஓரிரு நொடிகளில் அவளும் கார்வினும் வேலையை முடித்துவிடுவார்கள். ஆண் பார்வையை ஆணின் பலவீனமாக மாற்றிய காட்சி அது. உளவுக் கதைகளின் கவர்ச்சி மீது இதை விடக் கூர்மையான பகடியை நான் பார்த்ததில்லை.

தமிழுக்கு வந்தபோது சிறுவர்கள் படிக்கும் புத்தகம் என்பதால் இதுபோன்ற கட்டங்களில் மை கூடுதலாக ஏறியது; தோள் மூடப்பட்டது, கழுத்து உயர்ந்தது. சிவகாசியில் உட்கார்ந்து அந்த முடிவை எடுத்தவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். அவர்கள் புத்தகம் பெட்டிக்கடையில் மிட்டாய்ப் பாட்டில்களுக்குப் பக்கத்தில் தொங்க வேண்டும், அப்பா அம்மா வாங்கித் தர வேண்டும். ஆனால் இழப்பு இழப்புதான். கத்தி அப்படியே இருந்தது, குத்து அப்படியே இருந்தது, பெண் ஆணை மடக்கிய தந்திரம் மட்டும் மைக்கு அடியில் போனது. ஆபாசத்தை மறைப்பதாக நினைத்து, ஆபாசத்தைக் கேள்வி கேட்ட கட்டத்தை மறைத்துவிட்டோம். அதே காலத்தில் பக்கத்துக் கயிற்றில் தொங்கிய மாத நாவல்களின் அட்டையில், கதைக்குச் சம்பந்தமே இல்லாத ஒரு பெண்ணின் புகைப்படம் எந்த மையும் ஏறாமல் இருந்தது.

அந்த அட்டைகள்தான் இந்த மரபின் வீழ்ச்சி என்று நினைக்கிறேன். ஆஃப்செட் அச்சு பரவியதும் வண்ணப் புகைப்படம் மலிவானது. கோட்டோவியருக்கு முன்பிருந்த தேவை போய்விட்டது. கதையைப் படித்துவிட்டு வரைகிற ஒருவர் இருந்தவரை அட்டைக்கும் உள்ளடக்கத்துக்கும் ஓர் ஒப்பந்தம் இருந்தது. புகைப்படத்துக்கு அந்தக் கடமை இல்லை. உள்ளே கோயம்புத்தூரில் ஒரு மருத்துவர் கொலையாவார். வெளியே குளக்கரையில் ஒரு மாடல் அழகி சிரித்துக்கொண்டிருப்பாள். ஷ்யாம் போன்ற சில ஓவியர்கள் பிறகும் தாக்குப்பிடித்தார்கள், அவர்கள் அட்டைகளில் துப்பாக்கியும் நிழலும் அலறலும் கதையோடு ஒட்டியே இருந்தன.

இலக்கியவாதிகள் பக்கமும் ஒரு குறை இருக்கிறது. திருப்பாதிரிப்புலியூரில் பிறந்த புதுமைப்பித்தனும், மஞ்சக்குப்பத்துக்காரரான ஜெயகாந்தனும் பெண்ணுடம்பின் மீது சமூகம் நடத்தும் வியாபாரத்தை நேருக்கு நேர் எழுதியவர்கள். ஆனால் அவர்களுக்குப் பின்னால் வந்த சிற்றிதழ் உலகம் பெரும்பாலும் மௌனியின் வழியை உயர்வாகக் கொண்டது. சிதம்பரத்தில் வாழ்ந்து 1985இல் மறைந்த அந்த மகத்தான எழுத்தாளரின் கதைகளில் பெண் ஓர் ஒளி, ஓர் எதிரொலி, கோயில் இருட்டில் ஒரு நிழல். அவளுக்கு உடம்பு கிட்டத்தட்ட இல்லை. அந்தக் கதைகளின் அழகில் எனக்குச் சந்தேகமே இல்லை. ஆனால் தீவிர இலக்கியம் உடம்பை இப்படிக் கைவிட்டபோது, அதை வரைவதும் எழுதுவதும் முழுக்க வார இதழ்களின் பொறுப்பானது. பிறகு அந்த இதழ்கள் மோசமாகச் செய்தன என்று முகம் சுளிப்பதில் நியாயமில்லை. திறனாய்வாளர்கள் ஜெயராஜின் நல்ல கோட்டை எடுத்துச் சொல்லியிருந்தால், மட்டமான கோட்டைக் கண்டிக்க அவர்களுக்கு உரிமை வந்திருக்கும். இரண்டையும் செய்யாமல் மொத்தத்தையும் சந்தை என்று தள்ளினார்கள். தள்ளப்பட்ட இடத்தில் எது நல்லது என்று சொல்ல ஆளில்லாமல், விற்றதே நல்லதாயிற்று.

இப்போது காற்று மாறியிருக்கிறது. சென்னையின் பிளாஃப்ட் பதிப்பகம் 2008இல் தமிழ் மலிவு நாவல்களின் ஆங்கிலத் தொகுப்பைக் கொண்டுவந்த பிறகு, அந்தப் பழைய அட்டைகள் சுவரில் மாட்டும் பொருளாகிவிட்டன. தபால் அட்டையாகவும் சட்டையில் அச்சிட்ட படமாகவும் நகரத்துக் கடைகளில் கிடைக்கின்றன. ஓவியர்களுக்குத் தாமதமாகவேனும் பெயர் கிடைப்பதில் எனக்கு மகிழ்ச்சி. ஆனால் படத்தைக் கதையிலிருந்து வெட்டியெடுத்துத் தனியாக மாட்டும்போது, அந்தப் பெண் செய்துகொண்டிருந்த காரியம் போய்விடுகிறது. எந்தப் பொய்யை மறைக்க அவள் அப்படித் திரும்பிப் பார்த்தாள் என்று யாருக்கும் தெரியாது. திரும்பிப் பார்க்கும் ஒரு கழுத்து மட்டும் மிஞ்சும். குடும்ப இதழ் அவளுக்கு விதித்த கட்டுப்பாட்டையும், அதனால் கிடைத்த உயிரையும் ஒரே வெட்டில் நீக்கிவிடுகிறோம்.

அதனால்தான் ஜெயராஜின் படங்களைத் தொகுக்கிறவர்கள் பக்கத்தை முழுதாக வெளியிட வேண்டும் என்கிறேன்: தலைப்பு, எழுத்துப் பத்திகள், ஓரத்திலிருக்கும் தைல விளம்பரம், கீழே தொடரும் என்ற சொல் எல்லாவற்றோடும். ரோஜா முத்தையா நூலகம் போன்ற இடங்களில் பழைய தமிழ் இதழ்கள் காக்கப்பட்டு வருகின்றன. கடலூரிலும் சிதம்பரத்திலும் வீட்டுப் பரண்களில் தொடரைக் கிழித்துத் தைத்துக் கட்டிய கட்டுகள் இன்னும் கிடக்கும். பெரும்பாலும் அவற்றைத் தைத்தவர்கள் பெண்கள். தொடர் முடிந்ததும் அட்டை போட்டு, ஊசி நூலால் கோத்து, முதுகில் தலைப்பை எழுதி வைத்தார்கள். சலூன் பெஞ்சில் படத்தை மட்டும் பார்த்துவிட்டுப் போனவர்கள் எதையும் சேர்த்து வைக்கவில்லை. இந்த ஓவியங்களை யார் எப்படிப் பார்த்தார்கள் என்று எழுத விரும்புகிற ஆய்வாளர் முதலில் போய்க் கேட்க வேண்டியது அந்தக் கட்டுகளைத் தைத்தவர்களிடம்.